சொல்லப்படாத இசைவு: தானிசாக்கியின் ‘சசமேயுகி’ புதினத்தில் பேசி முடிக்கும் மணமும் காதலும்

தானிசாக்கி ஜுனிச்சிரோவின் (1886–1965) ‘சசமேயுகி’ புதினத்தைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் ஒரே வாய்ப்பாட்டிலிருந்து தொடங்குகின்றனர். மகியோகா குடும்பத்தின் நான்கு சகோதரிகளுள் மூன்றாமவளான யுகிகோ பழமையின் உருவம். கடைக்குட்டியான தாயெகோ புதுமையின் உருவம். முன்னவள் பெரியவர்கள் பேசி முடிக்கும் மணத்துக்காகக் காத்திருக்கிறாள். பின்னவள் காதலின் வழியே வீட்டை விட்டு வெளியேறுகிறாள். மாறிவந்த ஜப்பானியச் சமூகம் இவ்விருவருள் யார் பக்கம் சாய்ந்தது என்பதே கேள்வி என இவ்வாய்ப்பாடு நம்மை நம்ப வைக்கிறது. முதல் வாசிப்பில் நாமும் அவ்வாறே கொண்டோம். மீண்டும் படித்தபோது, அதற்குள் அடங்காத ஒரு சிறு நிகழ்ச்சி, தொலைபேசியில் நடந்து முடியும் சில நிமிடப் பேச்சு, புதினம் முழுவதையும் வேறு விதமாகப் பார்க்கத் தூண்டியது. அந்நிகழ்ச்சிக்கு வருமுன் நூலின் பின்புலத்தைச் சற்றே கண்டுகொள்வது தேவையாகிறது.

கதை 1936ஆம் ஆண்டின் இலையுதிர் காலத்தில் தொடங்கி 1941 ஏப்ரலில் முடிகிறது. ஒசாக்கா நகரின் செம்பா என்னும் பழைய வணிகப் பகுதியில் பெயர் பெற்றிருந்த குடும்பம் மகியோகா. தந்தை மறைந்துவிட்டார், கடை கைமாறிவிட்டது, எஞ்சியிருப்பது பெயர் மட்டுமே. மூத்தவள் ட்சுருகோவின் கணவன் தட்சுவோ, மகியோகா என்னும் குடும்பப் பெயரை ஏற்று வீட்டோடு வந்த மருமகன், வங்கி ஊழியன், இப்போது அவனே குடும்பத் தலைவன். இரண்டாமவள் சச்சிகோ, கணக்காளரான தன் கணவன் தெய்னோசுகேயுடன் ஒசாக்காவுக்கும் கோபேக்கும் இடைப்பட்ட அஷியாவில் வாழ்கிறாள். மணமாகாத தங்கையர் இருவரும் தலைமை வீட்டில் இருக்க விரும்பாமல் சச்சிகோவின் வீட்டையே நாடுகின்றனர். கதை தொடங்கும்போது யுகிகோவுக்கு முப்பது வயது. அக்கால வழக்கில் இது மணப் பருவம் கடந்த வயது.

தானிசாக்கி தோக்கியோவில் பிறந்தவர். 1923ஆம் ஆண்டின் பெருநிலநடுக்கத்துக்குப் பின் ஒசாக்கா வட்டாரத்துக்குக் குடிபெயர்ந்து, அங்குள்ள பேச்சும் பழக்கமும் தம் எழுத்தை மாற்ற இடங்கொடுத்தவர். அவர் மூன்றாவதாக மணந்த மட்சுகோவும் அவருடைய சகோதரிகளுமே மகியோகா சகோதரிகளுக்கு முன்மாதிரி. 1943இல் ‘சூவோ கோரோன்’ இதழில் இரு முறை வெளிவந்ததும் தொடர் நிறுத்தப்பட்டது. நாடு போரில் மூழ்கியிருக்கும் வேளையில் பெண்கள் பூப் பார்க்கச் செல்வதையும் மாப்பிள்ளை தேடுவதையும் பட்டுடை தேர்வதையும் எழுதுவது பொருந்தாது என்பது படைத்துறையினரின் எண்ணம். ஆசிரியர் எழுதுவதை நிறுத்தவில்லை. 1944இல் முதற்பகுதியைத் தம் செலவில் அச்சிட்டு நண்பர்களுக்கு வழங்கினார். கடைசிப் பகுதி போருக்குப் பின் ‘ஃபுஜின் கோரோன்’ என்னும் பெண்கள் இதழில் தொடராக வந்து, 1948இல் நூல் முற்றுப்பெற்றது. இந்த ஆண்டை நினைவிற்கொள்ள வேண்டுகிறோம். பின்னர் இதற்குத் திரும்புவோம்.

தலைப்பைப் பற்றி ஒரு சொல். ‘சசமேயுகி’ என்றால் காற்றில் மெல்ல உதிரும் நுண்பனி. அதில் வரும் ‘யுகி’ யுகிகோவின் பெயரிலும் உள்ளது. எட்வர்ட் சைடன்ஸ்டிக்கரின் 1957ஆம் ஆண்டு ஆங்கிலப் பெயர்ப்பு இத்தலைப்பைக் கைவிட்டு ‘மகியோகா சகோதரிகள்’ என்று பெயரிட்டது. அப்பெயர்ப்பின் வழியே நூலை அறியும் நம் போன்றோர் இதனால் ஒரு குறிப்பை இழக்கிறோம். நால்வரின் கதையாக விரிந்தாலும், ஆசிரியர் தம் தலைப்பில் இடமளித்தது ஒருத்திக்கே.

‘மியாய்’ என்னும் சொல்

ஜப்பானியப் பேசி முடிக்கும் மணத்தின் மைய நிகழ்ச்சி ‘மியாய்’. இதனைப் ‘பெண் பார்த்தல்’ என்று பெயர்த்துவிட நமக்குக் கை துறுதுறுக்கிறது. அவ்வாறு செய்தால் பாதிப் பொருள் போய்விடும். அச்சொல்லின் நேர்ப்பொருள் ஒருவரையொருவர் பார்த்தல் என்பதே. அது பெண்ணின் வீட்டுக் கூடத்திலும் நிகழ்வதில்லை. உணவு விடுதி, தங்கும் விடுதி, நாடக அரங்கு போன்ற பொது இடத்தில், நடுவராக நிற்பவரின் துணையோடு இரு வீட்டாரும் கூடுகின்றனர். பெண் தட்டேந்தி வருவதில்லை. மாப்பிள்ளை அவளைப் பார்ப்பது போலவே அவளும் அவனைப் பார்க்கிறாள். பின்னர் இரு தரப்பும் நடுவர் வழியே விடை சொல்கின்றன. பெண்ணின் தரப்பு மறுப்பதும் இயல்பு. இப்புதினத்தில் செகோஷி என்பவனோடு நிகழும் முதல் சந்திப்பு கோபேயின் ஓரியண்டல் ஹோட்டலில் நடக்கிறது. அழகு நிலையம் நடத்தும் இதானி என்னும் சுறுசுறுப்பான பெண்மணியே நடுவர். முகத்தை ஒப்பனை செய்பவளே மணத்தையும் ஒப்பேற்றுகிறாள் என்பதில் தானிசாக்கியின் மெல்லிய நகை ஒளிந்திருப்பதாகவே நமக்குத் தோன்றுகிறது.

இம்முறையை ஜப்பானின் தொன்மரபு என்று எண்ணிவிடுவதும் தவறு. மேய்ஜி காலத்துக்கு (1868–1912) முன் பல சிற்றூர்களில் இளையோர் தாமே துணை தேடிக்கொள்ளும் வழக்கம் இருந்தது. நடுவர் வைத்து வீட்டுக்கு வீடு பேசி முடிப்பது போர்வீரர் குடியினருக்கும் செல்வர்க்கும் உரிய முறை. மேய்ஜி அரசு போர்வீரர் குடும்ப அமைப்பையே நாட்டின் பொதுச் சட்டமாக்கியபோது அம்முறையும் எல்லார்க்கும் உரியதாயிற்று. காதலைக் குறிக்க இன்று வழங்கும் ‘ரெனாய்’ என்னும் சொல்லும் அதே காலத்தில் மேலைச் சொல்லொன்றுக்கு ஈடாகப் புழக்கத்துக்கு வந்ததே. 1892இல் கிதாமுரா தோகொகு அக்காதலை வாழ்வின் திறவுகோலாகப் போற்றிக் கட்டுரை எழுதி இளைஞர்களைக் கிளர்ச்சியுறச் செய்தார். தாமே காதலித்து மணந்த அவருடைய இல்வாழ்வு இன்பமாக அமையவில்லை. 1894இல் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். ஆக, பேசி முடிக்கும் மணம் பழையது, காதல் புதியது என்னும் பகுப்பு வரலாற்றளவிலேயே ஆட்டங்காண்கிறது. பொது வழக்காக இரண்டும் ஏறத்தாழ ஒரே தலைமுறையில் தோன்றியவை.

1898ஆம் ஆண்டின் குடியியல் சட்டம் இதற்கு வலுவூட்டியது. ஆண் முப்பது வயது வரையும் பெண் இருபத்தைந்து வயது வரையும் பெற்றோர் இசைவின்றி மணக்க இயலாது. குடும்பத் தலைவனின் இசைவோ எந்த வயதிலும் தேவை. அதை மீறி மணந்தவரைக் குடும்பப் பதிவேட்டிலிருந்து நீக்கும் உரிமை தலைவனுக்கு உண்டு. சட்டக் கண்ணில் யுகிகோவின் ‘ஆகட்டும்’ என்னும் சொல்லைவிடத் தன் அக்காள் கணவன் தட்சுவோவின் சொல் பெரிது. 1930களில் ஜப்பானில் நடந்த மணங்களுள் ஏறத்தாழப் பத்தில் ஏழு இவ்வாறு பேசி முடிக்கப்பட்டவை. காதல் மணங்கள் இவற்றை எண்ணிக்கையில் முந்தியது 1960களின் பிற்பகுதியில்தான்.

யுகிகோவின் மறுப்பு

ஐந்தாண்டுக் கதையில் யுகிகோவுக்கு ஐந்து மாப்பிள்ளைகள் பார்க்கப்படுகின்றனர். செகோஷியின் தாய் மனநோயுற்றவர் என்று தெரிந்ததும் தலைமை வீடு அப்பேச்சை முறிக்கிறது. நொமுரா நடுவயதைக் கடந்த, மனைவியை இழந்த அரசு அலுவலர். தம் வீட்டைக் காட்டும்போது வழிபாட்டு மாடத்தில் மறைந்த மனைவி, மக்களின் படங்கள் இருப்பதையும் அவர் காட்டிவிடுகிறார். அப்படங்களைச் சற்று நேரம் அகற்றி வைக்கவும் தோன்றாத மனிதனை யுகிகோ ஏற்கவில்லை. கதையில் அவள் தன் மறுப்புக்குக் காரணம் கூறும் அரிய இடம் இது. அக்காரணமும் எத்துணை நுட்பமானது! நாகொயாவின் செல்வரான சவசாக்கியோ தாமே மறுத்துவிடுகிறார். அதுவரை மறுத்தே பழகிய மகியோகா குடும்பம் முதன்முறையாக மறுக்கப்படுகிறது. யுகிகோவின் கண்ணுக்கு மேல் தோன்றி மறையும் ஒரு மெல்லிய கறை இவ்வாண்டுகளில் குடும்பத்தின் கவலையாகிவிடுகிறது. மணமானால் அது நீங்கிவிடும் என்று மருத்துவர்கள் கூறுகின்றனர். மணமாக வேண்டுமாயின் கறை நீங்க வேண்டும். கறை நீங்க வேண்டுமாயின் மணமாக வேண்டும்.

இத்தனைக்கும் யுகிகோ ஒருமுறையும் குரலுயர்த்துவதில்லை. மாட்டேன் என்று வெளிப்படையாகச் சொல்வதும் அரிது. ஆகட்டும் என்று சொல்லாதிருப்பதே அவளுடைய மறுப்பு. தலைமை வீட்டில் தங்குமாறு தட்சுவோ பணித்தால் போகிறாள். சில நாளில் ஏதேனும் காரணத்தோடு அஷியாவுக்குத் திரும்பிவிடுகிறாள். சச்சிகோவின் மகள் எட்சுகோவுக்கு நோய் வந்தால் தாயினும் மேலாகப் பேணுகிறாள். இச்சாயலைக் கண்டே பலர் அவளை அடக்கத்தின் வடிவமாக, மறைந்துவரும் ஜப்பானியப் பெண்மையின் இறுதி ஒளியாகப் போற்றினர். நமக்கோ அவள் புதினத்தின் மிக வலிமையான மனம் படைத்தவளாகத் தோன்றுகிறாள். ஆசிரியரும் அதை மறைக்கவில்லை. பிற்பகுதியில், தாயெகோ தான் விரும்பாத ஆடவனிடம் பொருள் பெற்று வாழ்வதைக் கண்டிக்கும் இடத்தில், சச்சிகோ தயங்கி நிற்க, யுகிகோவின் சொற்களே கூர்மையாக வந்து விழுகின்றன. பேசத் தெரியாதவள் அல்லள் அவள். தன் மணத்தைப் பற்றித்தான் பேசுவதில்லை.

இப்போது நாம் முன்னர்க் குறித்த நிகழ்ச்சிக்கு வருவோம். நான்காவதாக வரும் ஹஷிதேரா, மருந்து நிறுவனம் ஒன்றில் பொறுப்பு வகிப்பவர்; மனைவியை இழந்தவர்; பருவ வயதில் ஒரு மகள் உண்டு. அதுவரை வந்தவர்களுள் குடும்பத்தார் அனைவர்க்கும் மிகவும் பிடித்துப்போனவர் இவரே. தெய்னோசுகே தாமே முன்னின்று உறவை வளர்க்கிறார். யுகிகோவும் வெறுப்பு எதையும் காட்டவில்லை. இந்நிலையில் ஹஷிதேரா ஒரு நாள் நடுவரை விட்டுவிட்டு நேரே வீட்டுக்குத் தொலைபேசியில் அழைக்கிறார். யுகிகோவோடு பேச வேண்டும். அவளைத் தம்மோடு வெளியே சற்று நடந்துவர அழைக்க வேண்டும். அவள் தொலைபேசிக்கு வரவே நெடுநேரமாகிறது. வந்தபின் குரல் எழவில்லை. காரணம் இன்னதென்று விளங்காத ஒரு மறுப்பை முணுமுணுத்து முடித்துவிடுகிறாள். ஹஷிதேரா இதனை அவமதிப்பாகக் கொள்கிறார், பேச்சு முறிகிறது. தெய்னோசுகே எவ்வளவோ முயன்றும் பயனில்லை.

பெரும்பாலான வாசிப்புகள் இதனை யுகிகோவின் கூச்சம் என்று கடந்துவிடுகின்றன. சச்சிகோவும் அவ்வாறே எண்ணித் தங்கைமீது சினங்கொள்கிறாள். ஆனால் இக்காட்சியில் நடந்தது என்ன? மியாய் முறை யுகிகோவுக்கு மறுக்கும் உரிமையைத் தந்திருந்தது. அதை அவள் கைவரப் பெற்றுவிட்டாள். தான் வாய் திறவாமலேயே அக்காள் தன் முகத்தைப் படித்து, நடுவரிடம் நயமாகச் சொல்லி, எல்லாம் முடிந்துவிடும். ஆனால் விரும்பும் உரிமையை அம்முறை அவளுக்குத் தரவில்லை. அதற்குரிய சொல்லையும் கற்றுத்தரவில்லை. இசைவு என்பது பெரியவர்கள் அவள் சார்பில் தருவது. ஹஷிதேரா தொலைபேசியில் கேட்டது மணத்துக்கான இசைவு கூட அன்று, ஒரு மாலை நடைக்கான இசைவு. அதையும் அவள் வாயால் கேட்டார். பேசி முடிக்கும் மணத்தின் நடுவே, ஒரு சிறு கம்பி வழியே, காதல் மணத்தின் நடைமுறை நுழைந்துவிட்டது. அங்கே யுகிகோவுக்குத் தெரிந்த ஒரே விடை மௌனம். மௌனத்துக்கோ அதுவரை ஒரே பொருள்தான் இருந்தது: மறுப்பு. அவள் ஒருவேளை விரும்பியிருந்தால்? புதினம் இதற்கு விடை தருவதில்லை. அவள் விரும்பியிருந்தாலும் விளைவு இதுவாகவே இருந்திருக்கும் என்பதுதான் நம்மைக் கலங்க வைக்கிறது.

தாயெகோவின் காதல்

தாயெகோ இருபது வயதை ஒட்டிய பருவத்தில், நகைக்கடை உரிமையாளரின் மகனான ஒகுபாதாவோடு உடன்போக்குச் சென்றவள். இருவரும் மீட்டுக்கொண்டு வரப்பட்டனர். செய்தித்தாள் ஒன்று பெயரை மாற்றி யுகிகோ ஓடிப்போனாள் என்று வெளியிட்டுவிட்டது. தட்சுவோ மறுப்புக் கேட்க, செய்தித்தாள் தாயெகோவின் பெயரைப் போட்டுத் திருத்தம் வெளியிட்டது. ஒருத்திக்கு வந்த பழி இருவருக்குமாயிற்று. இப்பிழையை வெறும் கதைத் திருப்பமாக நாம் கருதவில்லை. ஊர் கண்ணில் இவ்விருவரும் ஒருவருக்கொருவர் மாற்றாக நிற்கக் கூடியவர்கள் என்பதைத் தானிசாக்கி தொடக்கத்திலேயே சொல்லிவிடுகிறார். மணத்துக்கும் காதலுக்கும் நடுவே அலைக்கழியும் ஒரு மனத்தை இரண்டாகக் கீறி இரு உடல்களில் வைத்திருக்கிறார் எனலாம். அக்காள் மணமாகும் வரை தங்கை மணக்கக் கூடாது என்னும் வழக்கம் அவ்விரு உடல்களையும் ஒரே கயிற்றில் கட்டிப்போடுகிறது. யுகிகோவின் ஒவ்வொரு மறுப்பும் தாயெகோவின் வாழ்வில் ஓராண்டைத் தின்கிறது.

இருவரையும் பழமை, புதுமை என்று பகுப்பது இங்கும் பொருந்தவில்லை. மேலைநாட்டு உடையணிந்து, பொம்மை செய்து விற்றுத் தானே பொருளீட்டுபவள் தாயெகோ. ஒசாக்காவின் பழைய யமமுரா நடன மரபைக் கற்று ஆடுபவளும் அவளே. தையற்கலை பயிலப் பிரான்சு செல்ல விரும்பி, தந்தை தனக்கென விட்டுச் சென்ற பணத்தைக் கேட்கிறாள், தட்சுவோ மறுத்துவிடுகிறான். மகியோகா வீட்டுப் பெண் தொழில் செய்து பிழைப்பதா என்பது அவன் கவலை. காதலுக்கு வீடு தடை என்று நாம் கருதிக்கொண்டிருக்கையில், கைத்தொழிலுக்கும் அதே வீடே தடையாக நிற்கிறது. நம் கருத்தில், தாயெகோவின் உண்மையான தோல்வி இந்த மறுப்பிலேயே நேர்கிறது. அதன்பின் அவளுக்கு ஆடவரைச் சார்ந்து நிற்பதைத் தவிர வேறு வழி குறுகிக்கொண்டே வருகிறது.

1938 ஜூலையில் கோபே வட்டாரத்தைப் பெருவெள்ளம் சூழ்ந்தது. அது வரலாற்று நிகழ்ச்சி. புதினத்திலும் அதன் வருணனை ஒப்பற்றது. தையற்பள்ளியில் நீரில் சிக்கிக்கொண்ட தாயெகோவைக் காப்பாற்றுபவன் இதாகுரா. ஒகுபாதாவின் கடையில் ஒரு காலத்தில் ஏவலாளாக இருந்து, அமெரிக்கா சென்று மீண்டு, புகைப்படக்காரனாகப் பிழைப்பவன். தாயெகோ இவனையே நாடுகிறாள். இப்போது குடும்பம் என்ன விரும்புகிறது? முன்பு அவள் ஓடிப்போன அதே ஒகுபாதாவை அவள் மணக்க வேண்டும் என்று விரும்புகிறது! அன்று பழியாக இருந்த காதல் இன்று பொருத்தமாகிவிட்டது. குடியும் செல்வமும் பொருந்தினால் காதலையும் பேசி முடிக்கும் மணமாக மாற்றிக்கொள்ள வீடு ஆயத்தமாக இருக்கிறது. பொருந்தாத இடத்தில்தான் அது காதலைக் காதல் என்று அழைக்கிறது.

இதாகுரா காதில் செய்த அறுவையால் நச்சுத் தொற்றி, காலை வெட்டியும் பிழைக்காமல், கொடிய வேதனையில் இறக்கிறான். அச்செய்தியில் சச்சிகோவின் உள்ளத்தில் ஓர் ஆறுதலும் எழுகிறது. தங்கை தாழ்ந்த குடியில் மணப்பாள் என்னும் அச்சம் நீங்கியது. அந்த ஆறுதலைத் தன்னிடமே கண்டு அவள் நாணுகிறாள். புதினத்தில் வரும் நல்லவர்களுள் மிக நல்லவள் சச்சிகோ. அன்புடையவள், தங்கையருக்காக உறக்கம் துறப்பவள். அவளிடமே இவ்வெண்ணத்தை வைத்தமையால்தான் இந்நூல் வெறும் குடும்பக் கதையாக நின்றுவிடவில்லை. நம் அகப்பொருள் மரபில் தலைவியின் களவைத் தோழி செவிலிக்கு உணர்த்தி அறத்தொடு நிற்பாள், செவிலி நற்றாய்க்கு உணர்த்துவாள், களவு கற்பாகும். காதலும் பெரியோர் இசைவும் அங்கே ஒரே வழியின் இரு பகுதிகள். நூறாண்டுகள் பல கடந்த ஓர் அயல்மொழிப் புதினத்தின் மீது தொல்காப்பிய இலக்கணத்தை ஏற்றிப் பார்ப்பது நம் நோக்கமன்று. ஆயினும் இங்கே காணாமற்போன பாத்திரம் எது என்று கேட்டால், அத்தோழி என்றே விடை கூறத் தோன்றுகிறது. சச்சிகோ எல்லாவற்றையும் அறிவாள், அறிந்ததைத் தலைமை வீட்டுக்கு மறைப்பாள், மறைத்ததற்காக வருந்துவாள். அறத்தொடு நிற்க மட்டும் அவளால் இயலவில்லை.

இதற்குப் பிந்திய பகுதிகளில் ஆசிரியரோடு நமக்கு உடன்பாடில்லை. இதாகுரா இறந்தபின் தாயெகோ ஒகுபாதாவிடம் மீள்கிறாள், அவன் வீட்டில் வயிற்றுக்கடுப்பு நோயுற்றுச் சாகும் நிலைக்குச் செல்கிறாள், குடும்பத்தால் விலக்கப்படுகிறாள், கோபேயில் மதுக்கடைப் பணியாளனான மியோஷியால் கருவுறுகிறாள், அரிமா வெந்நீரூற்று ஊரில் மறைத்து வைக்கப்படுகிறாள், குழந்தை பிறக்கும்போதே இறந்துவிடுகிறது. ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்படும் இத்துன்பங்கள் வாழ்க்கையின் போக்கில் வந்தவையாக நமக்குத் தோன்றவில்லை, தண்டனையாகத் தோன்றுகின்றன. நோயுற்ற தாயெகோவை வருணிக்கும் இடத்தில் அவள் முகத்தில் ஏதோ மாசு படிந்திருப்பது போல் எழுதிச் செல்லும் தானிசாக்கி, யுகிகோவின் கண்கறையைப் பற்றி எழுதும்போது எவ்வளவு பரிவு காட்டினார் என்பதை ஒப்பிட்டுப் பார்த்தால் சார்பு புலப்படும். மனைவியின் தங்கையையே முன்மாதிரியாகக் கொண்ட யுகிகோவிடம் அவருக்கிருந்த மயக்கம் இதற்குக் காரணமாகலாம். எனினும் அவருடைய கலை அவருடைய சார்பைக் காட்டிலும் நேர்மையானது என்பதையும் சொல்லியாக வேண்டும். ஏனெனில், இருவரையும் அவர் ஏறத்தாழ ஒரே நேரத்தில் வீட்டை விட்டு அனுப்புகிறார்.

ஐந்தாவது மாப்பிள்ளை மிமாக்கி, உயர்குடிப் பெருமகன் ஒருவருக்கு மனைவியல்லாத பெண்ணிடம் பிறந்தவர். பிரான்சிலும் அமெரிக்காவிலும் பல கலைகளைத் தொட்டுப் பார்த்து எதிலும் நிலைக்காதவர். இனிமையாகப் பேசுபவர். யுகிகோ தலையசைக்கிறாள். மணநாளுக்காகத் தோக்கியோ புறப்படுமுன் வீட்டின் அறைகள் சீர்வரிசைப் பொருள்களாலும் உடைகளாலும் நிறைந்திருக்கின்றன. இவை மணத்துக்காக வந்தவையாக இல்லாதிருந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும் என்று அவளுக்குத் தோன்றுகிறது. அவ்வறைகளுக்குள் தாயெகோ வந்து, தன் பொருள்கள் சிலவற்றை ஒரு துணி மூட்டையாகக் கட்டிக்கொண்டு, மியோஷியோடு வாழும் வாடகை அறைக்குத் திரும்பிச் செல்கிறாள். யுகிகோவுக்கு வயிற்றுப்போக்கு, மருந்துக்கும் அது நிற்கவில்லை, தொடர்வண்டியிலும் தொடர்கிறது. அந்த வரியோடு புதினம் முடிந்துவிடுகிறது. இம்முடிவைக் கண்டு முகஞ்சுளித்தோர் உண்டு. முப்பது வயதிலிருந்து முப்பத்தைந்து வரை வாயால் சொல்லாத ஒன்றை அவள் உடல் சொல்லிவிடுகிறது என்றே நாம் படிக்கிறோம். அது மறுப்பா, அச்சமா என்று பிரித்தறிய இயலாது. உடலுக்கு இலக்கணம் இல்லை.

1948க்குப் பின்

புதினம் நூல்வடிவில் முற்றுப்பெற்ற 1948ஆம் ஆண்டு சனவரி முதல் நாளில்தான் திருத்தப்பட்ட குடியியல் சட்டம் நடைமுறைக்கு வந்தது. குடும்பத் தலைவன் என்னும் சட்டநிலை அத்துடன் ஒழிந்தது. அதற்கு முன்பே, 1947 மே 3ஆம் நாள் நடைமுறைக்கு வந்த அரசமைப்புச் சட்டத்தின் 24ஆம் பிரிவு, திருமணம் இருபாலாரின் இசைவை மட்டுமே அடிப்படையாகக் கொள்ள வேண்டும் என்று விதித்திருந்தது. அப்பிரிவின் வரைவில் பெரும்பங்காற்றியவர் அப்போது 22 வயதே நிரம்பிய பெயாட்டே சிரோட்டா. சிறுவயதில் தோக்கியோவில் வளர்ந்து, ஜப்பானியப் பெண்களின் நிலையை அருகிருந்து கண்டவர். ஆக, தட்சுவோவின் இசைவுக்காகக் காத்திருக்கும் யுகிகோவை முதல் வாசகர்கள் படித்து முடித்தபோது, அத்தகைய இசைவுக்குச் சட்டத்தில் இடமில்லாமற் போய்விட்டது. ஆனால் தொலைபேசி முன் நிற்கும் யுகிகோவுக்கு 24ஆம் பிரிவு என்ன செய்துவிட முடியும்? இசைவு அவளுடையதே என்று சட்டம் சொல்லிவிட்டது. அதைச் சொல்லும் வாய் எங்கிருந்து வரும்?

இக்கேள்விக்கு நேர் விடையாக அமைந்த படைப்பு ஒன்றை நாம் புதினத்தில் அல்லாமல் திரைப்படத்தில் காண்கிறோம். ஓசு யசுஜிரோ 1951இல் எடுத்த ‘பகுஷூ’ படத்தின் நாயகி நொரிகோவுக்கு 28 வயது, அலுவலகத்தில் பணிபுரிகிறாள், ஹரா செட்சுகோ ஏற்று நடித்த வேடம். அவளுடைய மேலதிகாரி நாற்பதை எட்டிய செல்வர் ஒருவரை மாப்பிள்ளையாகப் பரிந்துரைக்கிறார். அண்ணனுக்கும் அது உவப்பு. அக்கம்பக்கத்தில் வாழும் யாபே என்னும் மூதாட்டியின் மகன் கென்கிச்சி, மனைவியை இழந்த மருத்துவன், ஒரு சிறு மகளோடு வடக்கே அக்கிதாவுக்கு மாற்றலாகிச் செல்லவிருக்கிறான். விடைபெறும் முந்தைய இரவில் அம்மூதாட்டி, தவறாக எண்ண வேண்டாம் என்று பலமுறை சொல்லிக்கொண்டு, உன்னைப் போன்ற ஒருத்தி என் மகனுக்கு வாய்த்திருந்தால் என்று தன் ஆசையை வெளியிடுகிறாள். நொரிகோ சற்றும் தயங்காமல், தான் போதுமா என்று கேட்டுவிடுகிறாள். மூதாட்டி மகிழ்ச்சியில் செய்வதறியாது, இனிப்புப் பயறு வைத்த ரொட்டி சாப்பிடலாமா என்று அழைக்கிறாள்!

இக்காட்சியைக் காதலின் வெற்றி என்று சொல்ல இயலாது. நொரிகோ தன் தோழியிடம், கென்கிச்சியிடம் தனக்கு ஏற்பட்டிருப்பது காதலன்று, நம்பிக்கை என்ற பொருள்படவே பேசுகிறாள். பேசி முடிக்கும் மணம் என்றும் சொல்ல இயலாது, பேசியவர் யாருமில்லை. அவள் தன் இசைவைச் சொல்லும்போது கென்கிச்சி அங்கில்லை. அவன் தாயிடமே சொல்கிறாள். அவனோ வீடு திரும்பிய பின்னரே, தாய் வாயிலாகச் செய்தியை அறிகிறான். மியாய் முறையின் வடிவம் அப்படியே இருக்கிறது: ஒரு மூத்த பெண், ஒரு கோரிக்கை, ஒரு விடை. ஆனால் நடுவரின் இருக்கையிலும் குடும்பத் தலைவனின் இருக்கையிலும் மணப்பெண்ணே அமர்ந்து தன் வாயால் சொல்லைத் தந்துவிட்டாள். வீட்டார் இதைப் பொறுக்கவில்லை. அண்ணன் சினக்கிறான், பெற்றோர் கலங்குகின்றனர், பேரக்குழந்தைகளும் பாட்டன் பாட்டியும் ஒரே கூரையின்கீழ் வாழ்ந்த அவ்வீடு கலைகிறது. நொரிகோ தனிமையில் அழுகிறாள். தன் சொல்லுக்கு இவ்வளவு விலை என்று அவள் முன்னரே அறிந்திருந்தாளா என்பதை ஓசு விளக்குவதில்லை.

படத்தின் கடைசிக் காட்சியில் முதிய பெற்றோர் யமத்தோ சமவெளியிலுள்ள உறவினர் வீட்டில் இருக்கின்றனர். வெளியே வாற்கோதுமை முற்றிக் காற்றில் அசைகிறது. அவ்வயலின் ஓரமாக ஒரு மணப்பெண், உறவினர் சூழ, மணமகன் வீட்டை நோக்கி நடந்து செல்கிறாள். எந்த வீட்டுக்குப் போகிறாளோ என்று முதியவர்கள் பேசிக்கொள்கின்றனர். தொலைவில் செல்லும் அவளுடைய முகம் நமக்குத் தெரிவதில்லை. அவளிடம் யார் என்ன கேட்டார்கள், அவள் என்ன சொன்னாள் என்பதும் தெரிவதில்லை.